எல்லைப்புற வீடுகளில் மலையாள நாட்காட்டி : பாலக்காடு, இடுக்கித் தமிழரின் இருவழிக் காலக்கணக்கு

முன்னுரை

காலத்தை அளத்தல் அரசுக்கும் கோயிலுக்கும் உரிய செயலாக நெடுங்காலம் இருந்தது. அச்சுத்தொழிலின் வளர்ச்சி அதனை வீட்டுச் சுவருக்குக் கொண்டுவந்தது. கேரளத்தின் பாலக்காடு, இடுக்கி மாவட்டங்களில் தமிழ்நாட்டு எல்லையை ஒட்டி வாழும் தமிழ்க் குடும்பங்களின் வீடுகளில் இருவகை நாட்காட்டிகள் தொங்குவதைக் காணலாம். ஒன்று சிவகாசியில் அச்சான, நாள்தோறும் தாள் கிழிக்கும் தமிழ்த் தினசரி நாட்காட்டி. மற்றொன்று மாதத்திற்கு ஒரு பக்கமாக அமைந்த மலையாள நாட்காட்டி. இவ்விரண்டும் ஒரே ஞாயிற்றின் இயக்கத்தைக் கணக்கிடுவன. எனினும் சில நாள்களில் இவை ஒன்றுக்கொன்று மாறுபடுகின்றன. அம்மாறுபாடு எவ்வாறு தோன்றியது, எல்லைப்புறத் தமிழ்க் குடும்பம் அதனை எவ்வாறு கையாள்கிறது, அதன்வழிப் புலப்படும் பண்பாட்டு வரலாறு யாது என்பனவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கொல்லம் ஆண்டும் தமிழ் மரபும்

மலையாள நாட்காட்டியின் அடிப்படை கொல்லம் ஆண்டு ஆகும். இது கி.பி. 825ஆம் ஆண்டைத் தொடக்கமாகக் கொண்டது. சிங்ஙம் முதல் திசம்பர் இறுதி வரையுள்ள நாள்களுக்குக் கொல்லம் ஆண்டுடன் 824ஐயும், சனவரி முதல் கர்க்கடக இறுதி வரையுள்ள நாள்களுக்கு 825ஐயும் கூட்டினால் கிறித்தவ ஆண்டு கிடைக்கும். 2024 ஆகஸ்ட் 17இல் கொல்லம் 1200 பிறந்தது. வடமலபாரில் கன்னி மாதத்திலும் ஏனைய பகுதிகளில் சிங்ஙம் மாதத்திலும் ஆண்டு தொடங்குவது பழைய வழக்கமாகும்.

இவ்வாண்டு மலையாள மொழிக்கு மட்டும் உரியதன்று. குமரி, நெல்லைப் பகுதிகளின் தமிழ்க் கல்வெட்டுகளிலும் ஆவணங்களிலும் கொல்லம் ஆண்டு பயின்று வருகின்றது. தமிழ்நாட்டில் அச்சாகும் பஞ்சாங்கங்களிலும் சாலிவாகன சகம் முதலியவற்றோடு கொல்லம் ஆண்டும் குறிக்கப்படுகின்றது.

சிங்ஙத்தில் ஆண்டு தொடங்கும் முறைக்குத் தமிழ் இலக்கண மரபிலும் இணை உண்டு. தொல்காப்பிய அகத்திணையியல் பெரும்பொழுதுகளைக் கூறத் தொடங்குமிடத்துக் கார்காலத்தை முதலில் வைக்கின்றது. ஆவணியும் புரட்டாசியும் கார்காலம் என்பர் உரையாசிரியர். நச்சினார்க்கினியர் ஞாயிற்றுக்குரிய சிங்க ஓரை முதலாகத் திங்களுக்குரிய கற்கடக ஓரை ஈறாக உள்ள காலத்தையே ஓர் யாண்டு என விளக்குகின்றார். இன்றைய மலையாள நாட்காட்டியின் முதல் மாதமும் இறுதி மாதமும் இவ்வுரையோடு அப்படியே பொருந்துதல் கருதத்தக்கது. உரையாசிரியர் கொல்லம் ஆண்டை நோக்கி இவ்வாறு கூறினார் எனத் துணிதற்கு இல்லை. ஆயினும் ஆவணியில் ஆண்டைத் தொடங்கும் கருத்து தமிழ் மரபுக்குப் புறம்பானதன்று என்பது இதனால் தெளிவாகும்.

கணித முறையிலும் இருமொழிகளுக்கும் பொது வேர் உண்டு. தமிழ்நாட்டு வாக்கியப் பஞ்சாங்கங்களின் சந்திர வாக்கியங்கள் வரருசியின் பெயரால் கேரளத்தில் வழங்குவன. கேரளத்தில் அரிதத்தர் கி.பி. 683இல் பரகித முறையை வகுத்தார். நிளையாற்றங்கரையில் வாழ்ந்த பரமேசுவரர் 1431இல் திருக்கணித முறையை அமைத்தார். தமிழகத்தில் ‘திருக்கணிதம்’ என வழங்கும் சொல், கண்ணாற் கண்டு ஒப்பிடும் கணக்கு எனப் பொருள்படும் ‘திருக்’ கணிதமே ஆகும்.

திங்கட் பெயரும் நாட்பெயரும்

தமிழ் மாதப் பெயர்கள் பெரும்பாலும் முழுநிலவு கூடும் நாண்மீனின் பெயரால் அமைந்தவை. மலையாள மாதப் பெயர்களோ ஞாயிறு நிற்கும் ஓரையின் பெயரால் அமைந்தவை. சித்திரை அங்கு மேடம், ஆடி கர்க்கடகம், ஆவணி சிங்ஙம், ஐப்பசி துலாம், கார்த்திகை விருச்சிகம், தை மகரம். பெயரிடும் கோட்பாடு வேறாயினும் அளக்கப்படும் காலம் ஒன்றேயாகும்.

எல்லைப்புறத் தமிழ் வாசகருக்கு இப்பெயர்கள் அயன்மையானவை அல்ல. தமிழ்த் தினசரித் தாளின் அடிப்பகுதியில் இராசிபலனுக்காக அச்சிடப்படும் மேடம், கடகம், சிம்மம், கன்னி, துலாம் ஆகியவையே மலையாள நாட்காட்டியில் மாதப் பெயர்களாக மேலே நிற்கின்றன. நாண்மீன்களின் பெயர்களும் சிற்றொலி மாற்றத்துடன் ஒத்துள்ளன. பூசம் ‘பூயம்’ எனவும், புனர்பூசம் ‘புணர்தம்’ எனவும், மிருகசீரிடம் ‘மகயிரம்’ எனவும், சுவாதி ‘சோதி’ எனவும், கேட்டை ‘திருக்கேட்ட’ எனவும் வழங்குகின்றன. கிழமைப் பெயர்களிலும் ஞாயிறு, திங்கள், செவ்வாய், வியாழன், வெள்ளி, சனி என்பன இருமொழிக்கும் பொதுவானவை. மலையாள எழுத்தை முறையாகக் கற்காத முதியோரும் இந்நாட்காட்டியை வாசிக்க இயல்வதற்கு இந்தச் சொல்லொற்றுமையே காரணம் எனலாம்.

சங்கிரமக் கணக்கில் ஒரு நாள் வேறுபாடு

ஞாயிறு ஓர் ஓரையிலிருந்து அடுத்த ஓரைக்குச் செல்லும் கணமே சங்கிரமம். அது பகலில் எந்நேரத்தில் நிகழ்ந்தால் அன்றைய நாளையே மாத முதல்நாளாகக் கொள்வது என்பதில் இருமரபும் வேறுபடுகின்றன. தமிழ் மரபில் ஞாயிறு மறைவதற்கு முன் சங்கிரமம் நிகழ்ந்தால் அந்நாளே மாதப்பிறப்பு. மலையாள மரபில் பகற்பொழுதின் ஐந்தில் மூன்று பங்கு, அதாவது ஏறத்தாழ 18 நாழிகை கழிவதற்கு முன் நிகழ்ந்தால் மட்டுமே அந்நாள் மாதப்பிறப்பு. அதன்பின் நிகழ்ந்தால் மறுநாளே முதல்நாள். ஆகவே நண்பகல் கடந்து ஏறத்தாழ ஒன்றேகால் மணிக்கும் மாலைக்கும் இடையில் சங்கிரமம் அமையும் மாதங்களில் தமிழ்த் தேதி மலையாளத் தேதியை ஒருநாள் முந்தி நிற்கும்.

2023ஆம் ஆண்டு இதற்குத் தக்க சான்றாகும். அவ்வாண்டு மேடச் சங்கிரமம் ஏப்ரல் 14 பிற்பகலில் நிகழ்ந்தது. ஆகவே தமிழ்ப் புத்தாண்டு அன்றும், விசு மறுநாள் 15ஆம் நாளும் கொண்டாடப்பட்டன. 2024இல் சங்கிரமம் ஏப்ரல் 13 இரவில் அமைந்தமையால் இரண்டும் 14ஆம் நாள் ஒருங்கே வந்தன.

இவ்வேறுபாடு பாலக்காட்டுத் தமிழ்க் குடும்பங்களுக்கு வெறும் கணிதச் சிக்கலன்று. சித்திரை முதல்நாள் கனி காணும் வழக்கம் கொங்கு நாட்டிலும் நாஞ்சில் நாட்டிலும் உண்டு; கேரளத்தில் அதுவே விசுக்கணி. கொன்றைப்பூவும் கனிவகையும் கண்ணாடியும் எந்த இரவில் வைக்கப்பட வேண்டும் என்பதை வீட்டிலுள்ள இரு நாட்காட்டிகளுள் ஒன்று முடிவு செய்கின்றது. எந்நாட்காட்டியை நோக்கி வீட்டார் அம்முடிவை எடுக்கின்றனர் என்பது அக்குடும்பம் தன்னை எச்சமூகத்தோடு இணைத்துக் காண்கிறது என்பதற்குச் சான்றாகின்றது. தமிழ்நாடு அரசு 2008இல் தை முதல்நாளை ஆண்டுப்பிறப்பாகச் சட்டமாக்கியபோதும், 2011இல் அச்சட்டம் நீக்கப்பட்டபோதும் எல்லைக்கு மேற்கே விசு தன் இடத்தில் மாறாதிருந்தது. அரசாணையால் மாறும் நாள், அண்டை வீட்டாரோடு சேர்ந்து கொண்டாடும் நாள் என்னும் இரண்டுக்கும் இடையே உள்ள தொலைவை எல்லைப்புறக் குடும்பங்கள் அக்காலத்தில் நேரடியாகக் காண நேர்ந்தது.

எல்லைப் பகுதிகளின் வரலாற்றுச் சூழல்

பாலக்காடு வட்டம் 1956 வரை சென்னை மாகாணத்து மலபார் மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. அதற்குக் கிழக்கே உள்ள சிற்றூர் வட்டம் கொச்சி அரசின் ஆட்சியில் இருந்து, 1949இல் திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்துள் அடங்கியது. 1957இல் பாலக்காடு மாவட்டம் அமைந்தபோது இரண்டும் ஒன்றாயின. கொழிஞ்சாம்பாறை, கோவிந்தாபுரம், மீனாட்சிபுரம், வேலந்தாவளம் முதலிய எல்லையூர்களில் தமிழே வீட்டுமொழியாக வழங்குகின்றது.

இடுக்கியின் தேவிகுளம், பீருமேடு, உடும்பஞ்சோலை வட்டங்கள் திருவிதாங்கூர் ஆட்சியில் இருந்தவை. பூஞ்ஞாறு அரசமரபினரிடமிருந்து கண்ணன் தேவன் மலைப்பகுதியை ஜே. டி. மன்றோ 1877இல் பெற்றதன் பின்னர்த் தோட்டத்தொழில் வளர்ந்தது. மதுரை, திருநெல்வேலிச் சீமைகளிலிருந்து தொழிலாளர் அங்குக் குடியேறினர். மறையூர், காந்தளூர், வட்டவடை ஆகிய ஊர்களில் அதற்கும் முற்பட்ட தமிழ்க் குடிகள் உண்டு. மொழிவழி மாநிலப் பிரிவினையின்போது தேவிகுளம், பீருமேடு வட்டங்களைத் தமிழ்நாட்டுடன் இணைக்கத் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரசு போராடியது. 1956 நவம்பர் 1இல் அகத்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு ஆகிய வட்டங்களும் செங்கோட்டையின் ஒரு பகுதியும் சென்னை மாநிலத்தில் சேர்ந்தன. மலைப்பகுதிகள் கேரளத்திலேயே நின்றன. இடுக்கி மாவட்டம் 1972 சனவரி 26இல் உருவாயிற்று.

திருவிதாங்கூரில் கொல்லம் ஆண்டு அரசின் ஆண்டாகவே விளங்கியது. சட்டங்களும் நிலப் பத்திரங்களும் அவ்வாண்டாலேயே எண்ணப்பட்டன. தலைமுறை கடந்து நிலவுரிமையை நிறுவ வேண்டிய தமிழ்க் குடும்பத்திற்குப் பழைய ஆவணத்தின் கொல்லத் தேதியை வாசித்தறிதல் இன்றியமையாத தேவையாயிற்று.

மக்கள் நினைவிலும் அவ்வாண்டு பதிந்துள்ளது. 1924 சூலையில் மூணாற்றையும் கேரளத்தின் பெரும்பகுதியையும் அழித்த பெருவெள்ளம் கொல்லம் 1099 கர்க்கடகத்தில் நிகழ்ந்தமையால் ‘தொண்ணூற்றொன்பதின் வெள்ளம்’ என்றே வழங்குகின்றது. குண்டளைப் பள்ளத்தாக்கின் சிற்றிருப்புப்பாதை அவ்வெள்ளத்தில் அழிந்தது. 94 ஆண்டுகள் கழிந்து 2018 ஆகஸ்டில் நிகழ்ந்த வெள்ளத்தை எவரும் கொல்லம் ஆண்டால் குறிப்பதில்லை. அதன் பெயர் ‘2018 வெள்ளம்’ என்பதே. பொதுவாழ்வின் ஆண்டுக்கணக்கு இடைக்காலத்தில் மாறிவிட்டதை இவ்விரு பெயர்களும் காட்டுகின்றன. கொல்லம் ஆண்டு அரசு அலுவலிலிருந்து விலகி வீட்டுச் சுவரில் தங்கிவிட்டது எனலாம்.

சுவர் நாட்காட்டியின் வடிவம்

தமிழ்த் தினசரி நாட்காட்டி ஒரு நாளைக்கு ஒரு தாள் கொண்டது. திதி, நாண்மீன், யோகம், நல்ல நேரம், இராகுகாலம், எமகண்டம், குளிகை, சூலம், சந்திராட்டமம், இராசிபலன் என அன்றைய நாளுக்குரியன அனைத்தும் அதில் இடம்பெறும். சிவகாசி அச்சகத்தார் அடுத்த ஆண்டுக்கான மாதிரித் தொகுப்பை ஆடிப்பெருக்கு நாளில் வெளியிடுவர். தமிழ்நாட்டு வணிகர் தம் கடைப்பெயர் பொறித்து வாடிக்கையாளருக்கு வழங்குவதால் எல்லை கடந்தும் இது பரவுகின்றது.

மலையாள நாட்காட்டி இதனின் வேறுபட்டது. மலையாள மனோரமா, மாத்ருபூமி முதலிய நாளிதழ் நிறுவனங்கள் வெளியிடும் மாத நாட்காட்டிகளே இங்குப் பெருவழக்கு. ஆங்கிலத் தேதி பெரிய எண்ணாக நடுவில் நிற்க, அக்கட்டத்துள் மலையாளத் தேதியும் நாண்மீனும் இசுலாமியத் தேதியும் சிற்றெழுத்தில் அமையும். இந்து, கிறித்தவ, இசுலாமிய விழாக்கள் ஒரே பக்கத்தில் இடம்பெறும். தமிழை வீட்டுமொழியாகக் கொண்ட பாலக்காட்டு இராவுத்தரும், தோட்டத் தொழிலாளருள் கிறித்தவரும், அக்கிரகாரத்து அந்தணரும் ஒரே நாட்காட்டியைப் பயன்படுத்த இவ்வமைப்பு இடமளிக்கின்றது.

இவ்விரு வடிவங்களின் வேறுபாடு பயன்பாட்டிலும் வெளிப்படுகின்றது. தினசரித் தாள் அன்றன்று நோக்கி அன்றன்று கிழிக்கப்படுவது. கடந்த நாள் அதில் எஞ்சுவதில்லை. மாதத் தாளோ கடந்த நாளையும் வரும் நாளையும் ஒருசேரக் காட்டுவது. இன்று செயல் தொடங்கலாமா என்பதற்குத் தமிழ் நாட்காட்டியும், அடுத்த பூசம் எந்நாள், விடுமுறை எந்நாள் என்பதற்கு மலையாள நாட்காட்டியும் நோக்கப்படுகின்றன. ஒன்று மற்றொன்றை விலக்காமல் பல்லாண்டு ஒரே சுவரில் நிலைத்திருத்தற்கு இத்தொழிற்பகுப்பே காரணமாகும்.

வேளாண்மையும் ஞாற்றுவேலையும்

மலையாள நாட்காட்டியின் தனிக்கூறுகளுள் ஒன்று ஞாற்றுவேலைக் குறிப்பு. ஞாயிறு 27 நாண்மீன்களுள் ஒவ்வொன்றிலும் தங்கும் ஏறத்தாழ 13, 14 நாள் காலமே ஞாற்றுவேலை. ஞாயிறு, வேளை என்னும் சொற்களின் சேர்க்கையாக இதனைக் கொள்வர். சூன் இறுதியில் தொடங்கும் திருவாதிரை ஞாற்றுவேலை மிளகுக்கொடி நடுதற்கு உகந்தது என்பது கேரள உழவர் கொள்கை. போர்த்துக்கீசியர் மிளகுக்கொடியைக் கொண்டு சென்றாலும் திருவாதிரை ஞாற்றுவேலையைக் கொண்டுசெல்ல இயலாது எனச் சாமூதிரியின் அவையில் கூறப்பட்டதாக ஒரு வாய்மொழிக் கதையும் உண்டு. இடுக்கியின் மிளகுத் தோட்டங்களில் உழைக்கும் தமிழர்க்கு இக்குறிப்பு பயன்மிக்கதாகும்.

தமிழ் மரபிலும் இக்கணக்கின் கூறுகள் உள்ளன. ஞாயிறு கார்த்திகை நாண்மீனை ஒட்டி நிற்கும் காலமே அக்கினி நட்சத்திரம். மார்கழியில் பூராடத்தில் நிற்கும் காலமே கர்ப்போட்டம். தமிழில் இவை போன்ற சிலவே பரவலாக வழங்க, மலையாளத்தில் இருபத்தேழும் வழக்கில் உள்ளன.

எனினும் எல்லைப்புற நிலம் மலையாள நாட்காட்டியின் பருவத்தோடு முற்றும் பொருந்துவதில்லை. கேரளத்தின் பெரும்பகுதிக்குக் கர்க்கடகம் அடைமழைக் காலம்; கையிருப்புக் குறையும் பஞ்ஞ மாதம்; மருந்துக் கஞ்சி பருகி உடலைப் பேணும் மாதம். சிற்றூரின் கிழக்குப் பகுதியோ மழை குறைந்த கரிசல் நிலம் உடையது. மறையூர் மலைமறைவில் அமைந்தமையால் வடகிழக்குப் பருவமழையை எதிர்நோக்குவது. இங்கெல்லாம் அதே மாதம் ஆடிப்பட்டமாக, விதைப்புக் காலமாக அறியப்படுகின்றது. அச்சிட்ட பக்கம் கர்க்கடகம் என்றாலும் உழவர் வாயில் ஆடி என்னும் பெயர் நிலைப்பதற்கு நிலத்தின் இயல்பே காரணம் எனல் பொருந்தும்.

பிறந்தநாளும் நினைவுநாளும்

குடும்ப வாழ்வில் நாட்காட்டி மிகுதியும் நோக்கப்படும் இடங்கள் பிறந்தநாளும் நினைவுநாளும் ஆகும். மாதமும் நாண்மீனும் கொண்டு பிறந்தநாள் காண்பதில் இருமரபும் ஒன்றுபடுகின்றன. நினைவுநாளில் அவை பிரிகின்றன. கேரளத்தில் இறந்த மாதத்தின் நாண்மீனைக் கொண்டு ஆண்டுநினைவு செய்தல் பெருவழக்கு. தமிழ் மரபில் மாதம், வளர்பிறை தேய்பிறை, திதி ஆகியவற்றைக் கொண்டு செய்வர். கல்பாத்தி முதலிய அக்கிரகாரங்களில் பல நூற்றாண்டுகள் கேரளத்தில் வாழ்ந்தும் திதி வழக்கமே பேணப்படுகின்றது. மலையாள மாதத் தாளில் நாண்மீன் எளிதில் புலப்பட, திதிக்காகத் தமிழ் நாட்காட்டியையோ பாம்புப் பஞ்சாங்கத்தையோ நாட வேண்டியுள்ளது. கலப்பு மணம் நிகழ்ந்த குடும்பங்களில் ஒரே தந்தைக்கு எம்முறையில் நீர்க்கடன் செலுத்துவது என்னும் வினா எழும். அதற்கு நாட்காட்டி விடை கூறுவதில்லை. குடும்பமே முடிவு செய்ய வேண்டியுள்ளது.

2020 ஆகஸ்ட் 6 இரவு மூணாற்றை அடுத்த பெட்டிமுடியில் நிகழ்ந்த நிலச்சரிவில் தமிழ்த் தோட்டத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 70 பேர் உயிரிழந்தனர்; அவருள் சிலர் உடல் கிடைக்கவேயில்லை. ஆண்டுதோறும் ஆகஸ்ட் 6இல் அவர்க்குப் பொது அஞ்சலி செலுத்தப்படுகின்றது. திதி நோக்கும் குடும்பத்திற்கு ஆடித் தேய்பிறையில் மற்றொரு நாள் வரும். பலர் ஒருங்கே இறந்த நிகழ்வில் பொதுநாள் ஆங்கிலத் தேதியாகவும், வீட்டுநாள் தமிழ்த் திதியாகவும் பிரிந்து நிற்கின்றன. துயரத்தின் இரு முகங்களுக்கும் இரு காலக்கணக்குகள் தேவைப்படுகின்றன என்பதை இது உணர்த்துகின்றது.

விழாக்களும் விடுமுறையும்

சில விழாக்கள் இரு நாட்காட்டிகளையும் இணைக்கின்றன. கல்பாத்தித் தேர்விழா துலாம் மாத இறுதியில், தமிழர் கணக்கில் ஐப்பசி முடிவில் நிகழ்கின்றது. விருச்சிக முதல்நாள் சபரிமலை மண்டலக் காலம் தொடங்க, அதனையே கார்த்திகை முதல்நாள் எனக் கொண்டு தமிழ்நாட்டார் மாலையணிகின்றனர். ஓணம் சிங்ஙத்துத் திருவோணம். ஓண நாளைக் குறிக்கும் மதுரைக்காஞ்சி அதன் தொன்மைக்குச் சான்றாகும். குமுளியை அடுத்த மங்கலதேவி கண்ணகி கோட்டத்தில் சித்திரை முழுநிலவு நாளில் நிகழும் விழாவைத் தேனி, இடுக்கி மாவட்ட ஆட்சியினர் இணைந்து நடத்துகின்றனர். சிலப்பதிகாரத்து இந்திரவிழாவுக்குரிய சித்திரை முழுநிலவு நாளே இங்கு இரு மாநிலங்களுக்கும் பொதுநாளாக அமைந்துள்ளது.

விடுமுறையில் நிலை வேறு. ஓணத்திற்குக் கேரளப் பள்ளிகள் பத்து நாள் அளவில் மூடப்படுகின்றன. பொங்கலுக்கோ திருவனந்தபுரம், கொல்லம், பத்தனந்திட்டை, இடுக்கி, பாலக்காடு, வயநாடு ஆகிய ஆறு மாவட்டங்களில் மட்டும் கேரள அரசு அண்மை ஆண்டுகளில் உள்ளூர் விடுமுறை அளித்து வருகின்றது. மாநில மொழிச் சிறுபான்மையினர் ஒரு நாளைத் தமக்குரிய நாளாகப் பெறுவதில் உள்ள பொருண்மை சிறிதன்று. கம்பம், போடி ஆகிய இடங்களிலிருந்து நாள்தோறும் ஏலத்தோட்டங்களுக்கு வந்து செல்லும் தொழிலாளர்க்கு இரு மாநில விடுமுறைகளையும் அறிதல் கூலிநாளை அறிதலாகவே உள்ளது.

வீட்டுப் பதிவேடு

மாத நாட்காட்டியின் கட்டங்கள் எழுதுதற்கும் இடமளிக்கின்றன. பால் வாங்கிய அளவு, எரிவாயு உருளை வந்த நாள், கூலிநாள், சீட்டுப்பணம் கட்டிய நாள், மருத்துவரைக் காண வேண்டிய நாள் முதலியன அக்கட்டங்களில் குறிக்கப்படுகின்றன. அச்சிட்ட எழுத்து மலையாளமாகவும் மையால் எழுதிய குறிப்பு தமிழாகவும் இருத்தல் எல்லைப்புற நாட்காட்டியின் தனித்தன்மை. பெண்களே மிகுதியும் எழுதும் இக்குறிப்புகள் ஒரு குடும்பத்தின் வரவுசெலவு, உடல்நலம், உறவு ஆகியவற்றின் நேரடிச் சான்றுகளாகும்.

ஆண்டு முடிந்ததும் இத்தாள்கள் புத்தக உறையாகவோ அலமாரி விரிப்பாகவோ மாறி அழிகின்றன. ஓலைச்சுவடிக்கும் கல்வெட்டுக்கும் தேடிச் செல்லும் ஆய்வுலகம் இவற்றைச் சான்றாகக் கருதியதில்லை. கேரளத்தில் 2017ஆம் ஆண்டுச் சட்டத்தால் பள்ளிகளில் மலையாளம் கட்டாயப் பாடமாயிற்று. இளந்தலைமுறை மாதப் பெயர்களை மலையாளத்தில் முதலில் கற்கும் நிலையில், தமிழ்க் கையெழுத்துடன் கூடிய மலையாள நாட்காட்டி இன்னும் எத்தனை ஆண்டு சுவரில் இருக்கும் என்பது எண்ணத்தக்கது.

முடிவுரை

மேற்கண்ட செய்திகளால், மலையாள நாட்காட்டி எல்லைப்புறத் தமிழ் வீட்டில் தமிழ்க் காலக்கணக்கை அகற்றவில்லை. அதனோடு பணியைப் பகிர்ந்துகொண்டது என்பது பெறப்படும். இரண்டும் ஒரே வானியல் மரபில் கிளைத்தவை. ஓரைப்பெயர், நாட்பெயர் ஒற்றுமை அவற்றின் உறவை எளிதாக்கியது. சங்கிரம விதியாலும் நினைவுநாள் வழக்காலும் அவை மாறுபடும் நாள்களில் குடும்பம் தன் சார்பை வெளிப்படுத்துகின்றது. நிலத்தின் பருவம் அச்சிட்ட பெயரை மீறித் தமிழ்ப்பெயரைக் காக்கின்றது.

1956இல் வரையப்பட்ட எல்லைக்கோடு நிலத்தைப் பிரித்தது. அதன் மேற்கே நின்ற தமிழர் தம் காலத்தை எவ்வாறு பேணினர் என்பதற்கு அரசு ஆவணங்களைக் காட்டிலும் சமையலறைச் சுவரில் தொங்கிய தாள்கள் நெருங்கிய சான்றளிக்கும். பாலக்காடு, இடுக்கிப் பகுதிகளில் எஞ்சியுள்ள குறிப்பெழுதிய பழைய நாட்காட்டிகளை, உரியவர் இசைவுடன் திரட்டிப் படியெடுத்துக் காத்தல் தமிழ்த்துறைகள் உடனடியாக மேற்கொள்ளத்தக்க பணியாகும்.